அடுக்கறைச் சோறு: வால்நட் கிளையின் உள்ளே இருப்பதற்கு ஒரு சொல்

மடல் 1

குழுவினருக்கு வணக்கம்.

தென் ஒன்ராறியோவின் மரங்களை இனங்காண்பதற்கான தமிழ்க் கையேட்டில் கறுப்பு வால்நட் மரத்துக்குரிய பக்கம் ஒரு சொல்லுக்காக நிற்கிறது. இம்மரத்தோடு ஆட்கள் குழப்பிக்கொள்பவை மூன்று: ஊரில் பீநாறி என்று சொல்லும் பெருமரத்தின் சீன உறவு (இனிச் சீனப் பெருமரம்), மான்கொம்புச் சுமாக், ஹிக்கரி. எல்லாவற்றுக்கும் வேப்பிலைபோல் ஈர்க்கின் இருபுறமும் சிற்றிலைகள், எல்லாம் மாற்றடுக்கு, அதாவது இலைகள் கிளையில் ஒவ்வொன்றாக மாறிமாறி நிற்கும். (ஆஷ் மரத்துக்கும் கூட்டிலைதான், ஆனால் அதன் இலைகள் எதிரெதிராக நிற்பதால் தொல்லை இல்லை.) சிற்றிலைகளை எண்ணிப் பார்த்தும் முடிவுகட்ட முடியாது. கறுப்பு வால்நட்டுக்குப் பெரும்பாலும் 15 முதல் 23 வரை. சீனப் பெருமரத்துக்கும் சுமாக்குக்கும் அதே எண்ணிக்கை வரலாம்.

ஐயம் தீர்ப்பது கிளையின் உட்பகுதிதான். போன ஆண்டுக் குச்சியை நீளவாக்கில் பிளந்தால், நடுவில் மெல்லிய தட்டுகள் குறுக்கே நெருக்கமாக நிற்கும். தட்டுக்கும் தட்டுக்கும் இடையில் வெற்றிடம். மற்ற மூன்றிலும் நடுப்பகுதி இடைவிடாமல் நிறைந்திருக்கும். இதற்கு “ஏணி நெட்டி” என்று வைத்திருக்கிறோம். சரியா?

மடல் 2

> “ஏணி நெட்டி” என்று வைத்திருக்கிறோம்.

இரண்டு பாதியும் எனக்கு ஒப்பவில்லை.

நெட்டி என்றால் தமிழ்நாட்டில் குளங்களில் வளரும் செடியும், தஞ்சாவூர் நெட்டி வேலைக்கு எடுக்கும் அதன் வெண்மையான பொருளும்தான் நினைவுக்கு வரும். அந்த வெண்பொருள் தண்டின் நடுச்சோறு அன்று, மென்மையாகிப்போன கட்டை. பிழையான உறுப்பின் பெயரைக் கையேட்டில் ஏற்றினால் பின்னால் திருத்துவது கடினம். “வெளிறு” என்று யாராவது சொல்ல வந்தால் அதையும் இப்போதே மறுத்துவிடுகிறேன். அது வயிரத்துக்கு வெளியே உள்ள கட்டை. பள்ளிப் பாடநூல்களில் “பித்” என்று எழுத்துப்பெயர்த்து வைத்திருக்கிறார்கள். படிப்பவர் மனத்தில் அது எதையும் காட்டாது. நமக்குச் சோறு என்ற சொல் இருக்கிறது. பனஞ்சோறு, சோற்றுக்கற்றாழை என்று இன்றும் வழங்குகிறோம். உள்ளே இருக்கும் மென்பகுதி என்ற பொருள் தெளிவாகவே நிற்கிறது.

ஏணி என்பது வெட்டுமுகத்தின் தோற்றம் மட்டுமே. கறுப்பு கம் (black gum) மரத்தின் குச்சியைப் பிளந்தாலும் குறுக்குக் கோடுகள் தெரியும். ஆனால் அங்கே கோடுகளுக்கு இடையில் சோறு நிறைந்திருக்கும், வெற்றிடம் இல்லை. இரண்டும் ஏணிதான். தாவரவியல் இவ்விரண்டையும் பிரித்தே பேசுகிறது, நாமும் பிரிக்க வேண்டும். வெற்றிடத்தைச் சொல்லும் சொல் அறை. ஆகவே “அறைச்சோறு”.

மடல் 3

சோறு நல்ல சொல், எடுத்துக்கொள்கிறோம் ஐயா. ஆனால் “அறைச்சோறு” காதில் “அரைச்சோறு” என்றே விழும். எங்கள் பேச்சில் றகரமும் ரகரமும் வேறாக ஒலிப்பவர்கள் குறைவு. கையேட்டை நடைப்பயணத்தில் வாசித்துக் காட்டப்போகிறோம். பாதிச் சோறுள்ள குச்சி என்று விளங்கிக்கொண்டால் நேர்மாறாகப் போய்விடும்.

“கணுவறை” என்று ஒருவர் இங்கே சொன்னார். மூங்கிலை நினைத்துச் சொல்லியிருக்கிறார். மூங்கிலில் தடுப்பு கணுவில் இருக்கும், ஒரு கணுவிடைக்கு ஒரே அறை. வால்நட்டில் கணுக்களுக்கு இடையிலேயே தட்டுகள் வரிசையாக வரும், கணுவோடு தொடர்பில்லை. அதனால் அதை விட்டோம். “கண்ணறை” அழகான சொல். ஆனால் அதை உயிரணுவுக்கு எழுதிய பழக்கம் இருக்கிறது. சோறு முழுவதும் உயிரணுக்களால் ஆனதுதான் என்பதால் குழப்பம் கூடும்.

மடல் 4

“அடுக்கறைச் சோறு” என்று வைக்கலாமே. அடுக்கு முன்னால் வந்துவிட்டால் அரை என்று யாருக்கும் கேட்காது. அடுக்குப் பாத்திரம்போல ஒன்றன்மேல் ஒன்றாக வெற்றறைகள் என்ற படமும் கிடைக்கிறது. இதோடு இணைச்சொற்களையும் முடித்துவிடலாம்: கறுப்பு கம் மரத்தினுடையது “குறுக்குத்தட்டுச் சோறு”, ஹிக்கரியினுடையது “தொடர்சோறு”.

சொல்லைவிட எனக்குக் கவலை தருவது, பார்க்கும் முறையைக் கையேடு எப்படிச் சொல்லப்போகிறது என்பது. இந்தச் சோதனை தவறுவது பெரும்பாலும் கத்தியால்தான். குறுக்கே வெட்டினால் ஒரு தட்டோ ஒரு துளையோ மட்டும் தெரியும்; துளையைப் பார்த்தவர் உள்ளே பொள்ளல் என்று எழுதிவிடுவார். மழுங்கிய கத்தி தட்டுகளை நசுக்கி ஒரே பழுப்புப் பொடியாக்கிவிடும். பென்சில் தடிமனுள்ள குச்சி, கூரான அலகு, நடுவைத் தொடும்வரை சாய்வாகச் சீவுதல்: இவ்வளவு போதும். இவ்வாண்டுப் பச்சைத் தளிரை எடுக்கக் கூடாது. தண்டு முதிர்ந்து சோற்றின் உயிரணுக்கள் இறந்த பிறகே இடைவெளிகள் உண்டாகின்றன. ஓராண்டு வளர்ச்சி முடிந்து அடுத்தது தொடங்கும் இடத்தில் சிறிது தூரம் அறைகள் இல்லாமல் இருக்கும்; அங்கே வெட்டிவிட்டு “இது வால்நட் இல்லை” என்று போய்விடுவார்கள். ஒரே குச்சியில் இரண்டு இடங்களிலாவது சீவச் சொல்லுங்கள்.

எந்தக் குச்சியையும் சீவலாம் என்று மட்டும் எழுதிவிடாதீர்கள். சதுப்பில் நிற்கும் நச்சுச் சுமாக்குக்கும் இதேபோல் கூட்டிலை, சிற்றிலைகள் 7 முதல் 13. அவற்றின் ஓரத்தில் பல் இல்லை, ஈர்க்கு பெரும்பாலும் சிவந்திருக்கும். அதன் பால் பட்டால் தோல் கொப்புளிக்கும். கால் நனையும் நிலத்தில் ஓரம் மழமழப்பான சிற்றிலைகளைக் கண்டால் தொடவே வேண்டாம். வால்நட்டின் சிற்றிலை ஓரம் ரம்பப் பல்லாக இருக்கும்.

மடல் 5

அடுக்கறைச் சோறு எனக்கும் உடன்பாடு. ஒன்றை மட்டும் சேர்க்க வேண்டும். இச்சொல் வால்நட்டையும் அதன் நெருங்கிய உறவுகளையும் காட்டுமே தவிர, தனி இனத்தைக் காட்டாது. பட்டர்நட் மரத்துக்கும் அடுக்கறைச் சோறுதான். பூங்காக்களில் நடும் சிறகுக்காய் வால்நட்டுக்கும் அதுவே. பட்டர்நட்டைப் பிரித்தறியச் சோற்றின் நிறத்தைப் பார்க்க வேண்டும். கறுப்பு வால்நட்டில் வெளிர்பழுப்பு, பட்டர்நட்டில் கடும் சாக்லேட் நிறம். இலைத்தழும்பின் (இலை உதிர்ந்த இடத்தில் குச்சியில் நிற்கும் வடு) மேல் விளிம்பில் மீசைபோல் மயிர்வரிசை இருந்தால் பட்டர்நட். இல்லாமல் மேல்விளிம்பு உள்வாங்கியிருந்தால் கறுப்பு வால்நட். காயும் உதவும்: உருண்டையானது வால்நட், நீண்டு பிசுபிசுப்பது பட்டர்நட். ஜப்பானிய வால்நட்டோடு கலந்த கலப்பினங்கள் இருப்பதால், மீசையைக் கண்டவுடன் தூய பட்டர்நட் என்று எழுதிவிடக் கூடாது.

இது சிறிய வேறுபாடு அன்று. 1967-இல் விஸ்கான்சினில் முதலில் பதிவான, பூஞ்சையால் வரும் பட்டைப்புண் நோய் பட்டர்நட்டை அழித்துவருகிறது. கனடாவில் அது அழியும் ஆபத்திலுள்ள இனம். அதனால் நிற்கும் மரத்தில் கிளை ஒடித்துச் சோதிக்க வேண்டாம், கீழே விழுந்த குச்சியே போதும் என்பதைக் கையேட்டில் பெரிய எழுத்தில் போடுங்கள்.

மடல் 6

எல்லாருக்கும் நன்றி. கையேட்டில் போகும் பதிவு இது:

அடுக்கறைச் சோறு – தண்டின் நடுச்சோறு குறுக்குத் தட்டுகளாக மட்டும் எஞ்சி, தட்டுகளுக்கு இடையில் வெற்றறைகள் இருக்கும் நிலை. முதிர்ந்த குச்சியை நீளவாக்கில் சீவிப் பார்க்க. வால்நட், பட்டர்நட், சிறகுக்காய் வால்நட் ஆகியவற்றில் உண்டு. ஹிக்கரி, சீனப் பெருமரம், சுமாக் ஆகியவற்றில் இல்லை.

குச்சி கிடைக்காதவர்களுக்காகப் பக்கத்திலேயே இவற்றையும் சேர்க்கிறோம். சீனப் பெருமரத்தின் இலையைக் கசக்கினால் காறல் பிடித்த கச்சான் (நிலக்கடலை) மணம். சிற்றிலையின் அடியில் மட்டும் ஒன்றிரண்டு பல், பல்லின் கீழே சுரப்பி. மான்கொம்புச் சுமாக்கின் காம்பை ஒடித்தால் பால் வரும், கிளை முழுவதும் மென்மயிர். ஹிக்கரியின் காய்த்தோல் நான்காகப் பிளக்கும். வால்நட்டின் தோல் பிளக்காது, கிடந்து கறுத்து அழுகும். அந்தக் கறை கையில் பட்டால் சவர்க்காரத்துக்குப் போகாது, கையுறை போட்டே பொறுக்குங்கள்.