300,000 வெள்ளி வீடு, 35 வருட லோன்: கடைசியில் மொத்தம் எவ்வளவு கட்டியிருப்போம்?

செம்பனைவாசி

வணக்கம். சுங்கை சிப்புட் டவுனை ஒட்டிய தாமானில் (குடியிருப்பில்) ஒற்றை மாடி வரிசை வீடு ஒன்று பேசி வைத்திருக்கிறோம். கைமாறும் பழைய வீடு, பிரீஹோல்ட் (நிரந்தர உரிமை நிலம்), விலை 300,000 வெள்ளி (ரிங்கிட்). அப்பாவுக்கு 57 வயது. 60 ஆனதும், வேலைக்காகக் கொடுத்த தோட்டத்து வீட்டைத் திருப்பிக் கொடுத்துவிட வேண்டும், அதனால் ரொம்ப நாள் தள்ளிப்போட முடியாது. எனக்கு 29, ஈப்போவில் நிரந்தர வேலை.

பேங்க் கொடுத்த விவரம்: 90 விழுக்காடு லோன், அதாவது 270,000. வட்டி எஸ்பிஆர் (பேங்குகளின் பொது அடிப்படை வட்டி) 2.75 + 1.25 = 4 விழுக்காடு. 35 வருடம். மாதம் 1,195 வெள்ளி. லாக்-இன் (முன்கூட்டி முடித்தால் அபராதம் விழும் காலம்) 3 வருடம். எம்ஆர்டிஏ (லோன் பாக்கியோடு சேர்ந்து குறையும் காப்புறுதி) 12,000 வெள்ளி, அதை லோனோடு சேர்த்துவிடலாம் என்கிறார்கள்.

மாதம் 1,195 என்பதைத் தவிர வேறு எதையும் விளக்கமாகச் சொல்லவில்லை. மொத்தத்தில் எவ்வளவு ஆகும்? 25 வருடம் எடுப்பதா, 35 எடுப்பதா? அப்பா பெயரையும் சேர்க்கலாமா? இபிஎப் (ஊழியர் சேமநிதி) பணத்தை எடுத்து லோனைக் குறைப்பது நல்லதா? தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

கணக்குப்பிள்ளை

தம்பி, 4 விழுக்காடு என்றால் நூறு வெள்ளிக்கு நாலு வெள்ளி வட்டி, அவ்வளவுதானே என்று நினைத்துக் கையெழுத்துப் போடுகிறவர்கள் நிறைய. அந்த நாலு வெள்ளி ஒரு வருடத்துக்கு மட்டும்தான். மீதமிருக்கிற அசலுக்கு அது வருடா வருடம் திரும்பத் திரும்ப விழும்.

முதல் மாதத்தையே எடுத்துக்கொள். 270,000-க்கு 4 விழுக்காடு, 12-ஆல் வகுத்தால் 900 வெள்ளி வட்டி. நீ கட்டுவது 1,195.49. அசலில் கழிவது 295.49 மட்டும். அடுத்த மாதம் வட்டி ஒரு வெள்ளி குறையும், அசலுக்கு ஒரு வெள்ளி கூடுதலாகப் போகும். ஆரம்ப வருடங்கள் முழுக்க இந்த வேகம்தான்.

ஐந்து வருடம் ஒழுங்காகக் கட்டினால் உன் கையிலிருந்து போனது 71,700 வெள்ளி. லோன் பாக்கியோ இன்னும் 250,400. பத்து வருடத்தில் 143,500 கட்டியிருப்பாய், பாக்கி 226,500. அசலில் பாதி அடைபடுவது எப்போது தெரியுமா? 23 வருடம் கழித்து. கடைசித் தவணையும் கட்டி முடித்தால் மொத்தம் 502,100. அதில் வட்டி மட்டும் 232,100.

இதே லோனை 30 வருடத்துக்கு எடுத்தால் மாதம் 1,289, வட்டி 194,000. 25 வருடத்துக்கு எடுத்தால் மாதம் 1,425, வட்டி 157,500. அதாவது மாதம் 230 வெள்ளி கூடுதலாகக் கட்டினால் மொத்தத்தில் 74,500 மிச்சம்.

இன்னொன்று. கார் லோன் 3 விழுக்காடு, வீட்டு லோன் 4 விழுக்காடு, அப்படியானால் கார் லோன்தான் மலிவு என்று கணக்குப் போடாதே. கார் லோனில் சொல்லும் 3 விழுக்காடு பிளாட் வட்டி என்றால், அது முழு அசலுக்கும் கடைசி வரை கணக்கிடுவது. 9 வருடத்துக்கு எடுத்தால் அதன் உண்மை வட்டி ஏறத்தாழ 5.5 விழுக்காடு. வீட்டு லோனில் மீதமுள்ள அசலுக்கு மட்டும் நாள்தோறும் வட்டி கணக்கிடுகிறார்கள். கையில் கூடுதல் காசு இருந்தால் எதை முதலில் அடைப்பது என்று முடிவு செய்யும்போது இது உதவும். ஆனால் கார் லோனை முன்கூட்டி முடித்தால் எவ்வளவு தள்ளுபடி என்று முதலில் எழுத்தில் கேட்டு வாங்கு.

இந்த 4 விழுக்காடும் நிலையானதல்ல. 1.25 என்பது பேங்கின் பங்கு. மத்திய வங்கியான பேங்க் நெகாராவின் ஓபிஆர் (கொள்கை வட்டி) அசைந்தால் எஸ்பிஆரும் அதே அளவு அசையும். ஓபிஆர் 2020 ஜூலையில் 1.75-க்கு இறங்கியது, 2023 மே மாதம் 3.00-க்கு ஏறியது, 2025 ஜூலையில் 2.75 ஆனது. கால் விழுக்காடு ஏறி அப்படியே நின்றால் உனக்கு மாதம் 41 வெள்ளி கூடும், 35 வருடத்தில் 17,000-க்கு மேல். இரண்டு பேங்குகளின் வட்டி 4-ம் 4.25-ம் ஆக இருந்தால் ‘கால்தானே’ என்று விட்டுவிடாதே. கையெழுத்துப் போடுவதற்கு முன் 5 விழுக்காட்டுக்கும் ஒரு கணக்குப் போட்டுப் பார். மாதம் 1,363 வரும். அதையும் சிரமமில்லாமல் கட்ட முடிந்தால்தான் இந்த வீடு உன் சம்பளத்துக்குள் இருக்கிறது என்று அர்த்தம்.

பத்திரம்_படி

லோன் கணக்கை அண்ணன் சொல்லிவிட்டார். வீட்டுக்குள் நுழைவதற்கு முன் ஆகும் செலவை நான் சொல்கிறேன், முக்கால்வாசிப் பேர் தடுமாறுவது இங்கேதான்.

டெபாசிட் 30,000. வழக்கமாக 3 விழுக்காடு புக்கிங் போடும்போது, மீதி 7 விழுக்காடு எஸ்பிஏ (வீடு வாங்கும் ஒப்பந்தம்) கையெழுத்தின்போது. லோன் கிடைக்காவிட்டால் புக்கிங் பணம் திரும்பக் கிடைக்கும் என்ற வரி புக்கிங் பாரத்தில் இருக்கிறதா என்று பார்த்த பிறகே 9,000 வெள்ளியைக் கொடுங்கள். ஏஜென் வாயால் சொன்னது நிற்காது.

லாயர் கட்டணம் முதல் 500,000 வரை 1.25 விழுக்காடு. எஸ்பிஏவுக்கு 3,750, லோன் பத்திரத்துக்கு 3,375. இரண்டுக்கும் சேவை வரி 8 விழுக்காடு, 570. ஆக 7,695, அதன்மேல் பதிவு, தேடல் போன்ற சில்லறைச் செலவுகள். பழைய வீடு என்பதால் மதிப்பீட்டாளர் கட்டணமும் உண்டு.

முத்திரை வரி: பெயர் மாற்றத்துக்கு முதல் 100,000-க்கு 1 விழுக்காடு, அதற்கு மேல் 500,000 வரை 2 விழுக்காடு. உங்களுக்கு 5,000. லோன் பத்திரத்துக்கு 0.5 விழுக்காடு, 1,350. மலேசியக் குடிமக்கள் வாங்கும் முதல் வீடு, விலை 500,000-க்குள் என்றால் இந்த இரண்டுக்கும் முழு விலக்கு உண்டு. எஸ்பிஏ தேதி சலுகைக் காலத்துக்குள் விழுகிறதா என்று லாயரிடம் உறுதிப்படுத்திக்கொள்ளுங்கள்.

இப்போது அப்பா விஷயம். முதல் வீடு என்றால் அதற்கு முன் எந்த வீட்டிலும் பங்கே இருந்திருக்கக் கூடாது. தாத்தா பெயரிலிருந்து வாரிசாக வந்த மலிவு விலை வீட்டில் ஒரு சின்னப் பங்கு இருந்தாலும் கணக்கில் வரும், தானமாக வந்ததும் அப்படித்தான். அப்பா பெயரில் அப்படி ஏதாவது இருந்து, அவரையும் உரிமையாளராகச் சேர்த்தால் விலக்குக்கே சிக்கல். அதோடு லோன் காலம் 35 வருடம் அல்லது கடனாளிக்கு 70 வயது, இரண்டில் எது முன்னதோ அதுவரைதான். கூட்டு லோனில் யாருடைய வயதை எடுப்பார்கள் என்பது பேங்குக்குப் பேங்க் மாறும். அப்பா வயதை எடுத்தால் 13 வருடம்தான் கிடைக்கும். உங்கள் சம்பளத்தில் மட்டும் லோன் பாஸாகும் என்றால் உங்கள் பெயரில் மட்டும் போடுங்கள். பின்னாளில் பங்கு பிரிக்க ஒவ்வொருவரையும் தேடிக் கையெழுத்து வாங்கும் வேலையும் இருக்காது.

எம்ஆர்டிஏ 12,000-ஐ லோனில் சேர்த்தால் மாதம் 53 வெள்ளிதான் கூடும். 35 வருடத்தில் அது 22,300 ஆகிவிடும். காப்புறுதி வேண்டாம் என்று சொல்ல வரவில்லை. குடும்பம் உங்களை நம்பி இருக்கும்போது கட்டாயம் வேண்டும். கையிலிருந்து மொத்தமாகக் கட்ட முடியுமா, எம்எல்டிஏ (காப்புத் தொகை குறையாத வகை) ஆண்டுப் பிரீமியம் எவ்வளவு வருகிறது என்று இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். எம்ஆர்டிஏ எத்தனை வருடத்துக்கு என்பதையும் படியுங்கள். 35 வருட லோனுக்கு 20 வருடக் காப்புறுதி போட்டுக் கொடுப்பதும் உண்டு, கேட்காதவர்களுக்கு அது தெரியாமலே போய்விடுகிறது.

வெள்ளிமதிப்பு

502,100 என்ற எண்ணைப் பார்த்துப் பயப்பட வேண்டாம் தம்பி. 35 வருடம் கழித்துக் கட்டப்போகும் 1,195 வெள்ளி இன்றைய 1,195 இல்லை. விலைவாசி வருடம் 2 விழுக்காடு ஏறுகிறது என்று வைத்துக்கொண்டால், கடைசித் தவணை இன்றைய மதிப்பில் 600 வெள்ளிகூட வராது. சம்பளமும் அதற்குள் ஏறியிருக்கும்.

இபிஎப் பற்றிக் கேட்டாய். டெபாசிட்டுக்கு எடுப்பது ஒன்று, லோனைக் குறைக்க எடுப்பது வேறொன்று. டெபாசிட் போட வேறு வழியில்லை என்றால் இபிஎப்பில் வீடு போன்ற தேவைக்கு எடுக்கக்கூடிய பகுதியான அக்காவுன் செஜாத்ராவிலிருந்து எடுக்கலாம். ஆனால் முத்திரை பதித்த எஸ்பிஏவும் லோன் கடிதமும் காட்டிய பிறகுதான் பணம் வரும். முதலில் 30,000-ஐக் கையிலிருந்து புரட்டத்தான் வேண்டும்.

லோனைக் குறைக்க எடுப்பதை நான் சரி என்று சொல்லமாட்டேன். இபிஎப் ஈவு 2023-ல் 5.50, 2024-ல் 6.30. அதை எடுத்து 4 விழுக்காடு கடனை அடைத்தால் நஷ்டம் உனக்குத்தான். அந்த 230 வெள்ளியைக்கூட லோனில் போடாமல் இபிஎப்பில் சொந்தமாகப் போட்டால் கணக்குப்படி லாபம்.

கணக்குப்பிள்ளை

இபிஎப்பில் ஏற்கெனவே இருப்பதை எடுக்க வேண்டாம் என்பதில் எனக்கும் அதே கருத்து. ஆனால் கூடுதல் காசை முழுக்க அங்கே போடு என்றால் ஒப்புக்கொள்ள மாட்டேன். 2024 மே முதல் போடும் ஒவ்வொரு 100 வெள்ளியிலும் 75 ஓய்வுக்காலக் கணக்கான அக்காவுன் பெர்சாராஆனுக்குப் போகிறது, 55 வயது வரை பொதுவாகத் தொட முடியாது. தம்பிக்கு அது 26 வருடம். நடுவில் வேலை போனால் வீட்டுத் தவணையை எதை வைத்துக் கட்டுவது? லோன் கணக்கில் கிடக்கும் உபரியைத் திரும்ப எடுக்க முடியும், சரியான வகை லோனாக இருந்தால்.

செம்பனைவாசி

ரொம்ப நன்றி அண்ணே, அக்கா. அப்படியானால் 35 வருடத்துக்கு எடுத்துவிட்டு மாதா மாதம் கூடுதலாகக் கட்டினால், 25 வருடத்துக்கு எடுத்த மாதிரியே ஆகிவிடுமா? கூடுதல் காசு அசலுக்குத்தான் போகிறது என்று எப்படித் தெரிந்துகொள்வது?

கணக்குப்பிள்ளை

ஆகும். வட்டி ஒன்றாக இருந்தால் 35 வருட லோனில் மாதம் 1,425 கட்டுவதும் 25 வருட லோனும் ஒரே கணக்குதான். கஷ்டமான மாதத்தில் 1,195-க்கு இறங்கிக்கொள்ளலாம் என்பது கூடுதல் வசதி. 100 வெள்ளி மட்டும் சேர்த்துக் கட்டினாலும் 29 வருடம் 9 மாதத்தில் முடியும், 40,000 வெள்ளி வட்டி மிச்சம். 200 என்றால் 26 வருடத்துக்குள் முடியும், மிச்சம் ஏறத்தாழ 68,000.

இது பலருக்கு நடக்காமல் போவதற்குக் காரணம் லோன் வகை. சாதாரண டெர்ம் லோனில் நீ கூடுதலாகப் போடும் 230 வெள்ளியைச் சில பேங்குகள் அடுத்த மாதத் தவணைக்கான முன்பணம் என்று தனியே வைத்துவிடும். அசல் குறையாது, வட்டியும் குறையாது. ஐந்தாறு மாதம் கழித்து ‘உங்களுக்கு இந்த மாதம் கட்ட வேண்டியதில்லை’ என்று வரும்போதுதான் விஷயம் தெரியும். டெர்ம் லோனாக இருந்தால் ஒவ்வொரு தடவையும் அசல் குறைப்புக்கு என்று குறிப்பிட்டுக் கட்ட வேண்டும். குறைந்தபட்சத் தொகை, முன்னறிவிப்பு எல்லாம் கேட்பார்கள்.

செமி-பிளெக்சியில் கூடுதல் காசு போட்ட நாளிலிருந்தே வட்டிக் கணக்கில் கழியும். திரும்ப எடுக்க விண்ணப்பமும் சிறு கட்டணமும் உண்டு. புல்-பிளெக்சியில் கரண்ட் அக்கவுன்ட் ஒன்றை லோனோடு இணைத்திருப்பார்கள். அதில் கிடக்கும் காசு அளவுக்கு வட்டி வராது, நினைத்தபோது எடுக்கலாம், ஆனால் மாதம் 10 வெள்ளி போலக் கட்டணம் உண்டு. மாதம் 200, 300 போடுகிறவனுக்குச் செமி-பிளெக்சி போதும் என்பது என் கருத்து. 20,000, 30,000 என்று உபரியாகக் கிடந்தால்தான் புல்-பிளெக்சி கட்டுப்படியாகும்.

லாக்-இன் பற்றியும் தெளிவாகக் கேள். அபராதம் முழு லோனையும் 3 வருடத்துக்குள் முடித்தால் மட்டுமா, பாதியில் கூடுதலாகக் கட்டினாலுமா? 3 விழுக்காடு என்றால் அது முதலில் எடுத்த 270,000-க்கா, பாக்கிக்கா? முதல் வகை என்றால் 8,100 வெள்ளி.

பத்து வருடம் கழித்து ரீபைனான்ஸ் (பழைய லோனை அடைத்துப் புது லோன் எடுப்பது) செய்யச் சொல்லி யாராவது வருவார்கள். பாக்கி 226,500-ஐ அதே 4 விழுக்காட்டில் திரும்ப 30 வருடத்துக்கு நீட்டினால் மாதம் 1,081 ஆகும், 114 வெள்ளி இறங்கும். ஆனால் மொத்தமாகக் கட்டுவது 30,000-க்கு மேல் ஏறும், லாயர், முத்திரை வரி தனி. வட்டி உண்மையிலேயே குறைந்து, மீதி வருடத்தை நீட்டாமல் தந்தால் மட்டும் யோசி.

பத்திரம்_படி

ஒன்று விட்டுப்போனது. சுக்காய் பிந்து (மதிப்பீட்டு வரி) வருடத்துக்கு இரண்டு தடவை, பிப்ரவரி கடைசிக்குள்ளும் ஆகஸ்ட் கடைசிக்குள்ளும். சுக்காய் தானா (நில வரி) மே 31-க்குள். வீட்டுக் காப்புறுதி வருடா வருடம். விற்பவர் பழைய வரி பாக்கி வைத்திருக்கிறாரா என்று குவாலா கங்சார் நகராண்மைக் கழகத்திலும் நில அலுவலகத்திலும் லாயரைப் பார்க்கச் சொல்லுங்கள். பழைய வரிசை வீட்டுக்குக் கூரை, ஒயரிங், தண்ணீர்க் குழாய் என்று ஒரு தொகையைத் தனியாக ஒதுக்குங்கள், அதைக் கிரெடிட் கார்டில் போட்டால் லோனில் மிச்சம் பிடித்தது அங்கே போய்விடும்.

கணக்குப்பிள்ளை

பேங்கிடம் ஈமெயிலில் கேட்க வேண்டியது இவ்வளவுதான், அப்படியே எடுத்துக்கொள்: ‘தவணைக்கு மேல் கட்டும் தொகை எந்த நாளில் அசலிலிருந்து கழிக்கப்படும்? அதற்குத் தனி விண்ணப்பம் வேண்டுமா? திரும்ப எடுக்க முடியுமா, கட்டணம் எவ்வளவு?’ பதில் எழுத்தில் வரட்டும். லோன் ஓட ஆரம்பித்த இரண்டாவது மாதமே 230 வெள்ளி கூடுதலாகக் கட்டிவிட்டு, அடுத்த ஸ்டேட்மென்டில் அசல் பாக்கியைப் பார். 296 வெள்ளி போலக் குறைந்திருந்தால் உன் கூடுதல் காசு அசலுக்குப் போகவில்லை. 526 போலக் குறைந்திருந்தால் போயிருக்கிறது.