ராஜியாகப் பேசி முடித்த பிறகும் வழக்கு நிற்கிறது. தங்கை என்ன செய்ய வேண்டும்?

கேள்வி (பாம்பன்)

வணக்கம். என் தங்கை 2022இல் கணவர் மீதும் மாமியார் மீதும் மகளிர் காவல் நிலையத்தில் கொடுத்த புகாரில், இந்திய தண்டனைச் சட்டம் 498ஏ (கணவர் வீட்டார் செய்யும் கொடுமை), வரதட்சணைத் தடைச் சட்டம் 4 (வரதட்சணை கேட்பது) ஆகிய பிரிவுகளில் குற்றப்பத்திரிகை தாக்கலாகியிருக்கிறது. சென்ற மாதம் இரு வீட்டுப் பெரியவர்களும் உட்கார்ந்து பேசி, பிரிந்துவிடுவது என்று முடிவானது. எங்கள் வீட்டுத் திண்ணையிலேயே நகைகளைத் தராசில் வைத்து ஒவ்வொன்றாக நிறுத்துக் கொடுத்தார்கள். 24 பவுனும் சரியாக இருந்தது. தருவதாகப் பேசிய 6 லட்சத்தில் பாதி வந்துவிட்டது. மீதியை, மீன்பிடித் தடைக்காலம் முடிந்து ஜூன் 15க்குப் பிறகு விசைப்படகு கடலுக்குப் போனதும் தருவதாக முத்திரைத்தாளில் எழுதியிருக்கிறார்கள்.

வழக்கும் அத்தோடு தீர்ந்தது என்றிருந்தோம். இப்போது சாட்சி சம்மன் வந்திருக்கிறது. கூண்டில் ஏறி, ‘அப்படி எதுவும் நடக்கவில்லை’ என்று சொல்லிவிடச் சொல்கிறார்கள். தோட்டைப் பிடித்து இழுத்ததில் கிழிந்த அவள் காதுக்குத் தையல் போட்டபோது பக்கத்தில் நின்றவள் நான். வழக்கு முடியட்டும் என்றுதான் அவளும் சொல்கிறாள்; பொய் சொல்லாமல் முடிக்க வழி உண்டா?

பதில் 1 (வழக்கறிஞர், இராமநாதபுரம்)

உண்டு, சகோதரி. அந்த இரு பிரிவுகளும் சமரசத்துக்கு உட்படாதவை என்பதால், முத்திரைத்தாளைக் காட்டினாலும் இங்குள்ள நடுவர் நீதிமன்றத்தால் வழக்கை முடித்துவைக்க முடியாது. ஆனால் குடும்பத் தகராறு உண்மையாகவே தீர்ந்துவிட்டால் உயர் நீதிமன்றம் தன் உள்ளார்ந்த அதிகாரத்தால் வழக்கை ரத்து செய்யலாம் என்று பி.எஸ்.ஜோஷி வழக்கில் 2003இலும், கியான் சிங் வழக்கில் 2012இலும் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லியிருக்கிறது. முன்பு அது குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 482ஆம் பிரிவு. 2024 ஜூலை முதல், அதற்குப் பதிலாக வந்த புதிய சட்டமான பி.என்.எஸ்.எஸ். (பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா) 528ஆம் பிரிவு. நம் மாவட்டத்துக்கு மதுரைக் கிளையில் மனு போட வேண்டும்.

மனுவைப் போட வேண்டியவர்கள் குற்றம் சாட்டப்பட்டவர்கள். காவல் ஆய்வாளரும் உங்கள் தங்கையும் எதிர்மனுதாரர்கள். இரு தரப்பும் கையெழுத்திட்ட சமரச மனுவைத் தாக்கல் செய்தபின், தங்கை மனமுவந்து சம்மதித்தாரா என்பதை நீதிபதி அவரிடமே கேட்பார். புகார் பொய் என்று அவர் எங்கும் சொல்ல வேண்டியதில்லை. ‘தகராறு தீர்ந்தது, வழக்கை மேற்கொண்டு நடத்த விருப்பமில்லை’ என்ற அளவே போதும். சமரச மனுவில் ‘தவறான புகார்’ என்று ஒரு வரி இருந்தாலும் அதை அடிக்கச் சொல்லிவிட்டுக் கையெழுத்திடுங்கள். கூண்டில் சத்தியம் செய்துவிட்டு மாற்றிச் சொன்னால் பிறழ்சாட்சி என்ற பெயர் அவருக்குத்தான் வரும்.

பதில் 2 (கீழக்கரை)

அக்கா, நானும் இதே வழியில் போய் வந்தவள். மீதிப் பணம் கைக்கு வராமல் சம்மதம் சொல்லிவிடாதீர்கள். வழக்கு ரத்தானபின் பணத்துக்காக அவர்கள் வாசலில் நாம் நிற்க வேண்டியிருக்கும். என் வழக்கில் மீதித் தொகையை வங்கி வரைவோலையாக, நீதிபதி முன்னிலையிலேயே கொடுக்க வேண்டும் என்று பிடிவாதமாக நின்றேன். அந்தத் தாளில் என் பெயர் எழுத்துப் பிசகாமல் இருக்கிறதா என்று இருமுறை படித்துவிட்டுத்தான் தலையாட்டினேன். அதிகாலைப் பேருந்தில் மாட்டுத்தாவணிக்குப் போய்விட்டால் நீதிமன்றம் பக்கந்தான். ஆதார் அட்டையின் அசலை மறக்காதீர்கள்.

கேள்வி கேட்டவர்

இருவருக்கும் நன்றி. அவளுக்கு நான்கு வயதில் மகள் இருக்கிறாள். இனி எதுவும் கோர மாட்டோம் என்று பத்திரத்தில் இருக்கிறதே, அது குழந்தையையும் கட்டுப்படுத்துமா?

பதில் 1

கட்டுப்படுத்தாது. குழந்தையின் ஜீவனாம்சம் குழந்தையின் உரிமை. அதைத் தாய் விட்டுக்கொடுத்து எழுதித்தர முடியாது. சமரச மனுவில் மாதத் தொகையையும் படிப்புச் செலவையும் தனியாகக் குறிப்பிடச் சொல்லுங்கள். தங்கைக்கென்று தனி வழக்கறிஞர் இருப்பது நல்லது. பெண் என்பதாலேயே, வருமானம் எவ்வளவு என்று பாராமல், சட்டப்பணிகள் ஆணைக்குழு மூலம் இலவசமாகப் பெறலாம். சம்மன் தேதியில் மட்டும் தவறாமல் ஆஜராகி, சமரசம் நடப்பதைச் சொல்லி வாய்தா கேளுங்கள்.