பழைய 8 எம்எம் காட்சியில் சீப்புப் பல் கோடு: டீஇன்டர்லேஸ் செய்தால் முகம் அழிகிறது

கரைவலை:
வணக்கம் நண்பர்களே. தனுஷ்கோடி பற்றிய ஆவணப்படம் ஒன்றை எடிட் செய்கிறேன். 1964 டிசம்பர் புயலுக்கு முன் அங்கே ஒரு குடும்பத்தார் 8 எம்எம்மில் எடுத்த படம் கிடைத்திருக்கிறது. யாரோ எப்போதோ கேசட்டுக்கு மாற்றி, அதிலிருந்து டிவிடி. ரயிலிலிருந்து இறங்கிக் கப்பல் பக்கம் நடக்கிற கூட்டம். ஒரு அம்மா தலைச்சுமையைப் பிடித்தபடி திரும்பிப் பார்க்கிறார். கை அசையும்போது விரல் ஓரமெல்லாம் சீப்புப் பல் மாதிரி கோடு. டீஇன்டர்லேஸ் (ஃபிரேமில் கலந்திருக்கும் இரண்டு பாதிப் படங்களைப் பிரித்துக் கோட்டை நீக்கும் வசதி) போட்டால் கோடு போகிறது, முகமும் மொழுக்கென்று ஆகிவிடுகிறது. எடிட்டிங் டைம்லைன் நொடிக்கு 25 ஃபிரேம்.

வெட்டுமேசை:
ஃபீல்டு ஆர்டரை மாற்றிப் பார்த்தீர்களா? ஒரு வீடியோ ஃபிரேமில் ஒற்றை வரிகள் ஒரு ஃபீல்டு, இரட்டை வரிகள் இன்னொரு ஃபீல்டு; எது முதலில் என்பதுதான் ஆர்டர். டிஜிட்டல் வீடியோ (DV) கேசட் வழியாக வந்திருந்தால் கீழ் ஃபீல்டுதான் முதலில் வரும்.

கரைவலை:
மாற்றினேன் சார், அசைவு முன்னும் பின்னும் குதிக்கிறது. ஃபிரேம் ஃபிரேமாக நகர்த்தியதில் ஒன்று தெரிந்தது: இரண்டு ஃபிரேம் சுத்தம், மூன்றாவதில் கோடு. கடைசி வரை அப்படியே.

பழையரீல்:
விடை அதில்தான் இருக்கிறது தம்பி. டீஇன்டர்லேஸை உடனே எடுத்துவிடுங்கள். அது ஒரு ஃபீல்டைத் தூக்கி எறிகிறது. 576 வரியில் 288தான் மிஞ்சும்.

அந்தக் கால 8 எம்எம் கேமரா பெரும்பாலும் நொடிக்கு 16 ஃபிரேமில் ஓடும். நம் பழைய டிவி முறையான பால் (PAL) வீடியோவில் நொடிக்கு 50 ஃபீல்டு. மாற்றியவர் புரொஜெக்டரை 16⅔ வேகத்தில் ஓட்டியிருக்கிறார், அதனால் ஒரு ஃபிலிம் ஃபிரேமுக்குச் சரியாக மூன்று ஃபீல்டு. முதல் வீடியோ ஃபிரேமில் இரண்டு ஃபீல்டும் ஒரே படம். அடுத்ததில் பாதி பழைய படம், பாதி புதுப் படம், அங்கேதான் கோடு. மூன்றாவது மறுபடி சுத்தம், அடுத்த சுற்றின் முதல் ஃபிரேமும் சுத்தம்; அதுதான் நீங்கள் பார்த்த இரண்டு சுத்தம், ஒன்று கோடு. ஆக முழுப் படமும் உள்ளேயே பத்திரமாக இருக்கிறது, ஜோடி சேர்த்தால் போதும்.

எஃப்எஃப்எம்பெக் (FFmpeg) என்ற வீடியோ மென்பொருளில் முதலில் ஒரே படத்தின் ஃபீல்டுகளை ஜோடி சேர்க்கும் ஃபீல்டுமேட்ச் (fieldmatch), அப்புறம் நகலை நீக்கும் டெசிமேட் (decimate), சைக்கிள் 3. மூன்றில் ஒரு நகல் கழன்று 16⅔ ஃபிரேம் கிடைக்கும். அதை 25 டைம்லைனில் போடும்போது இடைப்பட்ட ஃபிரேமைக் கணித்து உருவாக்கும் ஆப்டிகல் ஃப்ளோ வேண்டாம், விரல்கள் ஒட்டிக்கொள்ளும். இருக்கிற ஃபிரேமையே திரும்பக் காட்டும் ஃபிரேம் சாம்ப்ளிங் போதும்.

இன்னொன்று, பழைய படம் 4:3 வடிவம்; இன்றைய 16:9 அகலத் திரையை நிரப்ப மேலும் கீழும் வெட்டாதீர்கள். உயரத்தில் கால்வாசி போய்விடும், முதலில் போவது அந்தத் தலைச்சுமைதான். பக்கத்தில் கறுப்பு இருந்துவிட்டுப் போகட்டும்.

நெய்தல்:
அசல் ரீல் அந்த வீட்டில் இருக்கிறதா என்று கேளுங்கள். டப்பாவைத் திறந்ததும் வினிகர் வாசம் அடித்தால் ஃபிலிம் சிதையத் தொடங்கிவிட்டது, புரொஜெக்டரில் ஓட்டாமல் நேரே ஸ்கேனுக்குக் கொண்டுபோங்கள். படத்தில் பயன்படுத்த எழுத்துப்பூர்வ அனுமதியையும் அப்போதே வாங்கிவிடுங்கள்.

கரைவலை:
வந்துவிட்டது அண்ணா! கோடு ஒன்றுகூட இல்லை. அந்த அம்மா கையில் இரண்டு வளையல் இருப்பது இப்போதுதான் தெரிகிறது. ரீல் பரணில் கிடக்கிறதாம். ஞாயிற்றுக்கிழமை போகிறேன்.