நிதியமைச்சர் ரிங்காடு: கண்டவர்களும் கேட்டவர்களும்

ஓய்வுபெற்ற தமிழாசிரியர், சேன் பியேர்:

சர் வீராசாமி ரிங்காடுவைப் பற்றி நம் சங்கக் கூட்டங்களில் எப்போது பேசினாலும், மொரீசியஸ் குடியரசின் முதல் தலைவர் ஒரு தமிழர் என்ற பெருமிதத்தோடு பேச்சு முடிந்துவிடுகிறது. அந்தப் பதவியில் அவர் இருந்தது 1992 மார்ச் 12 முதல் ஜூன் 30 வரை மட்டுமே. அதற்கு முந்தைய நாற்பதாண்டுப் பொதுவாழ்வைத்தான் மோக்கா வட்டாரத்தில் வளர்ந்த நாங்கள் அருகிலிருந்து பார்த்தோம்.

1920இல் பிறந்த அவர், லண்டன் பொருளியல் கல்லூரியில் சட்டம் பயின்று 1949இல் பாரிஸ்டரானார். வழக்குரைஞராகப் பெயர் எடுக்கவே பலருக்குப் பத்தாண்டு ஆகும். அவரோ 1951இலேயே தொழிற்கட்சியின் சார்பில் மோக்கா–ஃப்ளாக் உறுப்பினராகச் சட்டமன்றத்தில் அமர்ந்துவிட்டார். அன்று எல்லாருக்கும் வாக்குரிமை கிடையாது. தீவில் வழங்கும் ஏதேனும் ஒரு மொழியில் எளிய வாக்கியங்களை எழுதப் படிக்கத் தெரிந்தால்தான் பட்டியலில் பெயர் ஏறும். கரும்புத் தோட்டத்தில் கூலியாக இருந்த என் தாத்தா, கோவிலில் மாலை நேரத்தில் கற்ற தமிழ் எழுத்தை அதிகாரி முன் எழுதிக் காட்டித்தான் வாக்காளரானார். அந்த ஒரு காகிதத்தைப் பற்றி அவர் பேசிய அளவுக்குத் தம் திருமணத்தைப் பற்றிக்கூடப் பேசியதில்லை. வயது வந்த அனைவருக்கும் வாக்குரிமை 1959 தேர்தலில்தான் வந்தது.

அந்தத் தலைமுறைத் தமிழ் வழக்கறிஞர்களில், கல்வியமைச்சராக இருந்து 1958இல் காலமான ரங்கநாதன் சீனிவாசனின் முகம் நம் 100 ரூபாய்த் தாளில் இருக்கிறது. ரிங்காடு தொழிலாளர் நலம், கல்வி, வேளாண்மை என்று துறைகளைக் கடந்து, விடுதலை பெற்ற 1968 முதல் 1982 வரை நிதியமைச்சராக இருந்தார். வரவு செலவுத் திட்ட நாளன்று எங்கள் தெருக் கடையில் வானொலியைச் சுற்றி ஒரு கூட்டமே கூடிவிடும்; அரிசிக்கும் மாவுக்கும் மானியம் தொடருமா என்பது ஒன்றே எல்லாருக்கும் கவலை.

1976 டிசம்பர்த் தேர்தலின்போது நான் இளைஞன். இடைநிலைக் கல்வி இனி இலவசம் என்று பிரதமர் ராம்கூலம் அறிவித்திருந்தார். கூட்டங்களுக்கு வந்த தாய்மார்கள் முகத்தில் மலர்ச்சி. பணம் எங்கிருந்து வரும் என்று வயதானவர்கள் முணுமுணுத்தார்கள். அடுத்த மாதமே, 1977 ஜனவரியில், திட்டம் நடைமுறைக்கு வந்தது. என் தங்கைகள் இருவரும் இடைநிலைப் பள்ளி வாசலை மிதித்தது அதனால்தான்.

முன்னாள் ஆலைத் தொழிலாளி, கியூர்பிப்:

ஆசிரியர் ஐயா கரும்பையும் பள்ளியையும் நினைவுகூர்ந்தார்; எனக்கு நினைவு வருவது கம்பளி நூல். 1970இல் ஏற்றுமதி மண்டலச் சட்டம் வந்த பிறகு, மூலப்பொருளுக்கும் இயந்திரத்துக்கும் சுங்கவரி இல்லை என்பதால் பின்னலாடை ஆலைகள் பெருகின. பள்ளிப் படிப்பை நிறுத்திய நான் அப்படியொரு ஆலையில் சேர்ந்து, கழுத்துப்பட்டியின் கண்ணிகளை வட்ட இயந்திரத்தின் ஊசிகளில் ஒவ்வொன்றாகக் கோக்கும் வேலையைச் செய்தேன். ஒரு கண்ணி தவறினாலும் சட்டை திரும்பி வந்துவிடும். மாலையில் கண் எரியும். குறைந்தபட்சக் கூலியிலேயே பெண்ணுக்கு ஆணைவிடக் குறைவு என்பது அப்போது விதி. இதை எந்த விழா மேடையிலும் யாரும் சொல்லி நான் கேட்டதில்லை.

1979 அக்டோபரில் ரூபாயின் மதிப்பு 30 விழுக்காடும், 1981இல் மீண்டும் 20 விழுக்காடும் குறைக்கப்பட்டன. வெளிநாட்டில் எங்கள் சரக்கு மலிந்ததால் ஆலையில் வேலை நிலைத்தது. அதே வாரத்தில் கடையில் எண்ணெயும் பால்மாவும் விலை ஏறின. அம்மா நிதியமைச்சரைத் திட்டிக்கொண்டே என் சம்பள உறையை வாங்கி எண்ணுவார். என்னைப் போன்ற பெண்கள் முதன்முதலாகத் தம் பெயரில் சம்பளம் வாங்கியதற்கும் அந்த நிதியமைச்சர் காலத்துச் சட்டமே காரணம் என்பதால், அவரைப் பற்றி ஒற்றைச் சொல்லில் தீர்ப்புச் சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

நீதிமன்ற முன்னாள் ஊழியர், போர்ட் லூயிஸ்:

1982 ஜூன் தேர்தலில் மொரீசியஸ் தீவின் 60 இடங்களையும் எதிர்க்கட்சிக் கூட்டணியே வென்றது; அவற்றில் தொழிற்கட்சிக்கு ஓரிடம்கூட இல்லை. அந்த வெற்றியில் பிரதமரான அனிருத் ஜகந்நாத்தும் பாரிஸ்டர்தான். எலிசபெத் அரசியின் பிரதிநிதியான கவர்னர் ஜெனரல் பதவியில் இருந்த ராம்கூலம் 1985 டிசம்பரில் மறைந்த பின், அதே ஜகந்நாத் ஆட்சியில்தான் 1986 ஜனவரியில் ரிங்காடு கவர்னர் ஜெனரலானார். காலையில் எதிரெதிரே வாதாடிய இருவர் மதியம் ஒரே மேசையில் உணவருந்துவதை அன்றாடம் பார்க்கும் எங்களுக்கு இதில் வியப்பேதும் இல்லை. (1983இல் தொழிற்கட்சி ஜகந்நாத்தோடு கூட்டணி வைத்ததும் ஒரு காரணம்.)

ஆசிரியர் ஐயாவுடன் ஒன்றில் மட்டும் மாறுபடுகிறேன். ரிங்காடு குடியரசுத் தலைவராக இருந்த அந்தச் சில மாதங்களைச் சிறிதாக எண்ணக் கூடாது. அரசியின் பிரதிநிதியாக இருந்தவரே குடியரசுத் தலைவராகப் பதவியேற்றதால், மாற்றம் சட்டப்படி அமைதியாக நடந்தது. பின்னர் அவர் பொறுப்பை அடுத்த தலைவரான காசம் உத்தீமிடம் ஒப்படைத்து விலகினார். ஆனால் குடியரசானதும் எல்லாம் மாறிவிட்டது என்று சொல்வோரிடம் நான் சொல்வது இதுதான்: ஆட்சி அதிகாரம் முன்போலவே பிரதமரிடம் இருக்கிறது, நம் இறுதி மேல்முறையீடுகளும் இன்றுவரை லண்டனில் உள்ள மேல்முறையீட்டு மன்றமான பிரிவி கவுன்சிலுக்கே போகின்றன.