மிசோகுச்சியின் மௌனப்படத்துக்குத் தமிழில் கதை சொல்வது: காதல் வசனம் எவ்வளவு?

யாங்கோன்_மாலைக்காட்சி:
யாங்கோனில் நம்ம ஆட்கள் ஐம்பது பேருக்கு ஜப்பானிய இயக்குநர் மிசோகுச்சியின் ‘தாக்கி நோ ஷிராய்தோ’ (1933) போடப் போகிறோம். ஜப்பானில் பென்ஷி என்ற கதைசொல்லி செய்த மாதிரி, திரைக்குப் பக்கத்தில் நின்று ஒருவர் தமிழில் கதை சொல்வார். காதல் வசனம் எவ்வளவு வைக்கலாம்? படக் கோப்பு வேகமாக ஓடுகிற மாதிரியும் தெரிகிறது.

ரீல்பெட்டி:
முதலில் வேகம். நாயகி ஷிராய்தோ மேடையில் தண்ணீர் வித்தை காட்டுபவள். அந்தப் பீய்ச்சலைப் பாருங்க. துளி வெடுக்கென்று விழுந்தால் வேகம் கூடுதல். விஎல்சி பிளேயரில் வேகத்தை 0.9இல் தொடங்கி இறக்குங்க. 0.75 வைத்தால் நொடிக்கு 24 சட்டகம் 18 ஆகும், ஆனா 90 நிமிடம் 120 ஆக நீளும். மின்வெட்டுக்கு பேட்டரி வைக்கும்போது அந்தக் கணக்கையும் சேர்த்துக்குங்க.

பெகு_ரசிகை:
‘அன்பே, ஆருயிரே’ ஒன்றுகூட வேண்டாம் அண்ணே. 1925இல் ஜப்பானின் உள்துறை அமைச்சகம் நாடு முழுவதற்கும் தணிக்கையைக் கொண்டுவந்தது, முத்தத்தை அப்போது வெட்டிவிடுவார்கள். இந்தப் படத்தில் காதல் பணமாகத்தான் போகிறது. குதிரை வண்டி ஓட்டும் காதலனைச் சட்டம் படிக்க வைப்பவள் ஷிராய்தோ. கூத்தாடி ஒருத்திக்கு அந்த ஊரில் என்ன மதிப்பு என்பதைத் தொடக்கத்திலேயே இரண்டு வரியில் சொல்லிவிடுங்க. எழுத்தாளர் கவபாதாவின் ‘இசுவின் நாட்டியக்காரி’ கதையில், பிச்சைக்காரரும் ஊர் சுற்றும் கலைஞரும் உள்ளே வரக்கூடாது என்று ஊர் எல்லையில் பலகையே நிற்கும். அந்தக் கதையையும் இயக்குநர் கோஷோ அதே 1933இல் மௌனப்படமாக எடுத்தார்.

மற்றதை விளிச்சொல் பார்த்துக்கொள்ளும். அவன் குதிரை வண்டி ஓட்டும்போது அவனை அவள் ‘நீ’ என்கட்டும். மனசு போன பிறகு ‘நீங்க’. கொலை வழக்கில் அவள் கூண்டில், அவன் அரசு வழக்கறிஞர். அங்கே ‘ஐயா’. இந்த மூன்றையும் கதைசொல்லி குரல் ஏற்றாமல், அழுத்தாமல் சொல்லிப் பழகணும். நாடகக் குரல் வந்தால் ‘ஐயா’ கெஞ்சலாகிவிடும்; அவள் கெஞ்சுகிறவள் இல்லை.

யாங்கோன்_மாலைக்காட்சி:
நீதிமன்றக் காட்சி முழுக்கப் பேசணுமா?

பெகு_ரசிகை:
காட்சிக்கு நடுவே திரையில் வரும் எழுத்துப் பலகைகளை மட்டும் படிங்க, பலகை மறைவதற்குள் முடிகிற மாதிரி எட்டுப் பத்துச் சொல்லுக்குள். நாயகியாக நடிக்கும் இரியே தகாகோவின் முகம் பெரிதாக வரும்போது ஒரு சொல்லும் கூடாது.

ரீல்பெட்டி:
அந்த இடத்தில் மைக்கையும் அணைச்சிடுங்க. கதைசொல்லி மூச்சு விடுவது ஸ்பீக்கரில் கேட்கும்.