கப்பலோடு போனவரா, கப்பலைக் கொண்டுவந்தவரா?

தென்கடல் (மண்டபம்)
மகளுக்குப் பள்ளியில் பேச்சுப்போட்டி, தலைப்பு 'கடலில் வீரம்'. டீச்சர் கொடுத்த குறிப்பு முழுக்க இந்தியக் கடற்படையின் குக்ரி கப்பல். 1971 டிசம்பர் 9 இரவு, டையூவுக்கு அப்பால் பாகிஸ்தான் நீர்மூழ்கி ஹாங்கோர் டார்பிடோ விட்டு அதை மூழ்கடித்தது. 18 அதிகாரிகள், 176 மாலுமிகள் இறந்தார்கள். கேப்டன் மகேந்திரநாத் முல்லா தன் உயிர்காப்புச் சட்டையை இன்னொருவருக்குக் கொடுத்துவிட்டுக் கப்பலிலேயே நின்றுவிட்டார்.

நான் மகளிடம் சாமுவேல் பி. ராபர்ட்ஸ் கதையைப் பேசு என்றேன். வீட்டில் சண்டை. அது அமெரிக்கப் போர்க்கப்பல். 1988 ஏப்ரல் 14 அன்று பாரசீக வளைகுடாவில் ஈரான் போட்ட கண்ணிவெடியில் மாட்டியது. அடியில் சுமார் 15 அடிக்கு ஓட்டை, கப்பலின் முதுகெலும்பான அடிக்கட்டை (ஏரா) முறிந்துவிட்டது, என்ஜின் அறைக்குள் கடல், மேலே தீ. கேப்டன் பால் ரின்னும் ஆட்களும் மணிக்கணக்கில் போராடிக் கப்பலை மிதக்க வைத்தார்கள். பத்துப் பேருக்குக் காயம், சாவு ஒன்றுகூட இல்லை. ஆளும் கப்பலும் கரை சேர்வதுதானே பெரிது? கப்பலோடு மூழ்குவதை ஏன் பிள்ளைகளுக்குப் பாடமாகச் சொல்கிறோம்?

தொண்டி டீச்சர்
அந்தக் குறிப்பைக் கொடுத்தது நான் இல்லை. நானாக இருந்தாலும் அதையேதான் கொடுத்திருப்பேன். குக்ரி சில நிமிடங்களில் மூழ்கிவிட்டது சார். ஓட்டை எங்கே என்று பார்க்கக்கூட நேரமில்லை. காப்பாற்ற நேரம் கிடைத்தவரையும் கிடைக்காதவரையும் ஒரே தராசில் வைப்பது என்ன நியாயம்? முல்லா கப்பலைக் காப்பாற்றாமல் விட்டார் என்கிற மாதிரி இருக்கிறது நீங்கள் எழுதியது. அவர் கையில் மிச்சம் இருந்தது ஒரு சட்டை, அதையும் கொடுத்துவிட்டார். அதைக் கேட்ட பிள்ளை மறக்காது.

வாடைக்காற்று
இரண்டு பேருக்கும் ஒரு கேள்வி. அமெரிக்கக் கப்பலுக்கு அந்த வளைகுடாவில் என்ன வேலை? குவைத் எண்ணெய்க் கப்பல்களுக்குக் காவல். வெடித்த நாலாம் நாள், ஏப்ரல் 18-ல், பழிவாங்க ஈரான் கடற்படையை அடித்தார்கள். ஜூலை 3-ல் அதே அமெரிக்கக் கடற்படையின் வின்சென்ஸ் கப்பல் ஈரானின் பயணி விமானத்தைச் சுட்டு 290 பேரைக் கொன்றது. இதில் வீரத்தை மட்டும் தனியாகப் பிய்த்து எடுத்து மேடையில் பேச வேண்டுமா?

தென்கடல் (மண்டபம்)
290 பேரை நான் மறுக்கவில்லை. ஆனால் அதைச் சுட்டது ராபர்ட்ஸ் இல்லை. இடுப்பளவு எண்ணெய்த் தண்ணீரில் நின்று சுவருக்கு மரம் முட்டுக் கொடுத்தவனிடம் அந்தக் கணக்கைக் கேட்க முடியாது.

உச்சிப்புளி ஓய்வு
நான் கடற்படையில் இருந்து வந்தவன். இப்போது இங்கே இருக்கிற பருந்து கடற்படை விமானத் தளத்துச் சத்தத்தில் மத்தியானத் தூக்கம் போகிற ஆள். தென்கடல் தம்பி, வீரம் வீரம் என்று எழுதுகிறீர்களே, அங்கே என்ன நடந்தது என்பதையும் கொஞ்சம் பாருங்கள்.

காவலுக்கு நின்ற மாலுமி முன்னால் மூன்று கண்ணிவெடிகள் மிதப்பதைக் கண்டான். ரின் கப்பலை நிறுத்தி, வந்த தடத்திலேயே பின்னால் எடுத்தார். கண்ணில் படாத இன்னொன்று அடியில் வெடித்தது. அடுத்த அறைக்கும் தண்ணீர் போயிருந்தால் கதை முடிந்திருக்கும். நடுவில் இருந்த இரும்புச் சுவரில் நீர் கசிய, ஆட்கள் மரத்தூண் வைத்து முட்டுக் கொடுத்தார்கள். முட்டுக்கும் சுவருக்கும் இடையில் ஆப்பு அடிக்க வேண்டும். இருட்டு, புகை, காலுக்குக் கீழே தண்ணீர். அதில் மரத்தை அளவாக வெட்டுவது அன்றைக்குக் கற்றுக்கொள்கிற வேலை இல்லை. ஒத்திகை, ஒத்திகை, சலிக்கச் சலிக்க ஒத்திகை. கப்பல் பிழைத்தது அதில்தான்.

தீ இன்னொரு வம்பு. தீயில் அடிக்கிற தண்ணீரெல்லாம் கப்பலுக்குள்ளேதானே தங்கும்? 1942-ல் நியூயார்க் துறையில் நார்மண்டி என்ற பெரிய பயணிக் கப்பல் தீயணைக்க ஊற்றிய தண்ணீரின் பாரத்திலேயே சாய்ந்து படுத்துவிட்டது. தீயா வெள்ளமா, எதற்கு முதல் கை என்று ஒருவர் சொல்லியாக வேண்டும். கேப்டன் இருப்பது அதற்குத்தான்.

பாம்பன் டிரைவர்
ஐயா சொன்னது சரி, கடைசி வரி தவிர. கேப்டன் கேப்டன் என்று ஏன் எல்லோரும் அவரிடமே போய் நிற்கிறீர்கள்? அந்தக் கப்பலில் தளத்துக்கு மேலே எழும்பிய மேற்கட்டு அலுமினியம். அது விரிசல் விட்டபோது இரும்பு வடத்தைப் போட்டு இழுத்துக் கட்டித் தைத்தது மாலுமிகள்.

என் கதை ஒன்று. கச்சான் காற்று நேரத்தில் குருசடைத் தீவுக்குப் பக்கத்தில் ஒதுங்கியபோது படகு பாரில் (கடலடிப் பாறையில்) தட்டியது. அணியத்துப் பலகை, அதாவது முன்பக்கத்துப் பலகை, இரண்டு விரல் அளவுக்கு வாய் பிளந்து, இடுக்கில் அடைத்த கலப்பத்துப் பஞ்சு மொத்தமும் வெளியே வந்துவிட்டது. ஐஸ் மேல் போட்டிருந்த சாக்கை எடுத்துத் திணித்தோம். நிற்கவில்லை. உடனே ஒரு பையன் நங்கூரக் கயிற்றைப் படகுக்கு அடியில் விட்டுச் சுற்றிக் கட்டி, நடுவில் ஒரு கட்டையைச் செருகி முறுக்க ஆரம்பித்தான். முறுக்க முறுக்கப் பலகை மூடிக்கொண்டே வந்தது. கை தோல் உரிந்து கயிறு சிவப்பாகிவிட்டது, விடவில்லை. பத்தொன்பது வயது. நான் சுக்கானைத்தான் பிடித்துக்கொண்டிருந்தேன். கரையில் 'டிரைவர் படகைக் காப்பாற்றிவிட்டார்' என்றார்கள். படகு முதலாளி சம்மாட்டி எனக்கு வேட்டி எடுத்துக் கொடுத்தார். பையனுக்கு ஒரு டீ.

தொண்டி டீச்சர்
அந்த வேட்டியை நீங்கள் பையனுக்குக் கொடுத்திருக்கலாமே, அண்ணே?

பாம்பன் டிரைவர்
கொடுத்தேன் டீச்சர். அவன் ஜீன்ஸ்தான் போடுவேன் என்று திருப்பிக் கொடுத்துவிட்டான்.

உச்சிப்புளி ஓய்வு
டிரைவர் தம்பி, பையன் கயிறு முறுக்கும்போது படகை அலைக்கு எந்தப் பக்கம் காட்டி வைத்திருந்தீர்கள்?

பாம்பன் டிரைவர்
உடைந்த பக்கம் அலை படாமல், கடையாலை, பின்பக்கத்தை, அலைக்குக் காட்டி.

உச்சிப்புளி ஓய்வு
அப்புறம் என்ன? இல்லையென்றால் பையன் எதை முறுக்கியிருப்பான்? உங்கள் பங்கை நீங்களே தள்ளுபடி செய்யாதீர்கள்.

ராபர்ட்ஸிலும் ஒரு விஷயம் உண்டு. அதே பெயரில் ஒரு பழைய கப்பல் 1944 அக்டோபர் 25-ல் பிலிப்பைன்ஸின் சமர் தீவுக்கு அருகே தன்னைவிடப் பல மடங்கு பெரிய ஜப்பானியக் கப்பல்களோடு மோதி மூழ்கியது. அந்த ஆட்களின் பெயர்களைப் பொறித்த பலகை ஒன்று புதிய கப்பலில் இருந்தது. வெடித்த அன்று குழாயை இழுத்துக்கொண்டு ஓடியவர்கள் போகிற வழியில் அதைத் தொட்டுவிட்டு ஓடினார்களாம். அந்தப் பலகையில் இருப்பது மூழ்கிய கப்பல், தென்கடல். மூழ்காத கப்பலைக் காப்பாற்றியவர்கள் தொட்டுக் கும்பிட்டது அதைத்தான்.

தென்கடல் (மண்டபம்)
இது எனக்குத் தெரியாது ஐயா. சரி, முல்லாவை வேண்டாம் என்று சொன்னது தப்பு. ஆனால் குக்ரியை மட்டுமே சொல்லி முடித்தால், கப்பல் என்றாலே மூழ்கத்தான் செய்யும் என்று பிள்ளை நினைத்துக்கொள்ளும். ராபர்ட்ஸை இன்னொரு கப்பலின் முதுகில் ஏற்றி அமெரிக்காவுக்குக் கொண்டுபோய், சிதைந்த என்ஜின் அறைப் பகுதியையே வெட்டி எடுத்துப் புதிதாக வைத்துத் தைத்தார்கள். சுமார் 9 கோடி டாலர் செலவு. அது மறுபடி கடலுக்குப் போய் 2015 வரை ஓடியது. அதையும் பேசட்டும் என்கிறேன்.

வாடைக்காற்று
9 கோடி டாலரில் நம் பாம்பன் படகு எத்தனை கட்டலாம்?

தொண்டி டீச்சர்
பேச்சுக்கு எத்தனை நிமிடம் சார்?

தென்கடல் (மண்டபம்)
ஐந்து. மகள் இப்போது இரண்டு கேப்டனும் வேண்டாம், கயிறு முறுக்கிய அண்ணனைப் பற்றிப் பேசுகிறேன் என்கிறாள். டிரைவர் அண்ணே, அந்தக் கட்டை என்ன மரம் என்று கேட்கச் சொன்னாள்.

பாம்பன் டிரைவர்
விறகுக் கட்டை பாப்பா. சோறு பொங்க வைத்திருந்தது.

உச்சிப்புளி ஓய்வு
தம்பி, இப்போது படகில் ஆப்பு, முட்டுக்கட்டை எல்லாம் இருக்கிறதா? மென்மையான மரத்தில் ஆப்பு வையுங்கள், நனைந்தால் ஊதிப் பிடித்துக்கொள்ளும்.

பாம்பன் டிரைவர்
இல்லை ஐயா. அந்த விறகும் மறுநாளே அடுப்புக்குப் போய்விட்டது. சாயங்காலம் படகு கட்டுகிற ஓடாவியைப் பார்க்கிறேன்.