மனைவியை அவள் வீட்டார் அழைத்துப் போய்விட்டார்கள், ஆட்கொணர்வு மனு போடலாமா?

தெற்கத்திக்காரன்:
வணக்கம். எங்களுடையது காதல் திருமணம், வேறு வேறு சாதி, சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிவு செய்திருக்கிறோம். அவளுக்கு 22 வயது. போன வாரம் அவளுடைய அப்பாவும் மாமாவும் வந்து, பாட்டிக்கு முடியவில்லை, ரெண்டு நாளில் கொண்டுவந்து விடுகிறோம் என்று கூட்டிப்போனார்கள். அன்று இரவிலிருந்து போன் ஸ்விட்ச் ஆஃப். ஸ்டேஷனில் "குடும்பப் பிரச்சினை, பேசித் தீர்த்துக்கொள்ளுங்கள்" என்று திருப்பி அனுப்பிவிட்டார்கள். மதுரைக்குத் தெற்கே இருக்கிறோம். மனுவை எங்கே, எப்படிப் போடுவது?

கருப்புக்கோட்டு:
போடலாம். சட்டவிரோதமாகப் பிடித்துவைத்திருப்பவரைக் கோர்ட்டில் கொண்டுவந்து நிறுத்தச் சொல்லிக் கேட்பதுதான் ஆட்கொணர்வு மனு (ஹேபியஸ் கார்பஸ்). யார் பிடியில் இருக்கிறார் என்று உங்களால் சொல்ல முடிகிறதே, இந்த மனுவுக்கு அதுதான் முதல் தேவை. அரசியலமைப்பின் 226ஆவது பிரிவின்படி உயர் நீதிமன்றத்தில், உங்களுக்கு மதுரைக் கிளையில் போட வேண்டும், இரண்டு நீதிபதிகள் அமர்வு விசாரிக்கும். அதற்கு முன்னால் ஸ்டேஷனில் எழுத்தில் புகார் கொடுத்து சி.எஸ்.ஆர். (புகார் பெற்றதற்கான) ரசீது வாங்குங்கள், தராவிட்டால் எஸ்.பி.க்கு ஸ்பீட் போஸ்டில் அனுப்பி, போய்ச் சேர்ந்ததற்கான சான்றை வைத்துக்கொள்ளுங்கள். போலீஸிடம் போகாமலே நேரே இங்கே வந்தீர்களா என்பதுதான் அமர்வு கேட்கிற முதல் கேள்வி. எதிர்மனுதாரர்களாக எஸ்.பி., இன்ஸ்பெக்டர், மாமனார், மாமா எல்லோரையும் சேர்க்க வேண்டும்.

இன்னொரு வழியும் உண்டு, பலர் மறந்துவிடுகிறார்கள். சட்டவிரோதமாக அடைத்துவைத்திருப்பவரைத் தேடி மீட்க மாஜிஸ்திரேட்டே வாரண்ட் கொடுக்கலாம், பி.என்.எஸ்.எஸ். (இப்போதைய குற்றவியல் நடைமுறைச் சட்டம்) பிரிவு 100. (பழைய 1898 நடைமுறைச் சட்டத்திலும் இதே 100தான், நடுவில் 1973 சட்டத்தில் 97 ஆகி இப்போது மறுபடி 100!) கணவன் மனைவியைத் திரும்பப் பெறுவதற்கு ஆட்கொணர்வு மனு அபூர்வம், அந்த 100ஆவது பிரிவு இருக்கிறதே என்று 1960களிலேயே உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. நடைமுறையில் உயர் நீதிமன்றம்தான் வேகம், அது வேறு விஷயம்.

பழைய மனுதாரர்:
நான் போட்டவன் என்பதால் சொல்கிறேன், கோபித்துக்கொள்ளாதீர்கள். என் மனைவியைப் போலீஸ் கோர்ட்டுக்கு அழைத்து வந்தது. நீதிபதி கேட்டார், "என் விருப்பத்தில்தான் அம்மா வீட்டில் இருக்கிறேன், இவரோடு போக விரும்பவில்லை" என்றாள். "மேஜர் (18 வயது நிரம்பியவர்), சுதந்திரமாகப் போகலாம், மனு முடித்துவைக்கப்படுகிறது" என்று நீதிபதி சொல்லிவிட்டார். அஞ்சு நிமிஷம்கூட ஆகவில்லை. அவளை உங்கள் கையில் ஒப்படைப்பார்கள் என்று நினைத்துப் போகாதீர்கள், அவளைக் கேட்பார்கள், அவ்வளவுதான்.

கருப்புக்கோட்டு:
அவர் சொல்வது சரி. அதே விதி உங்களுக்குச் சாதகமாகவும் வேலை செய்யும். கேரளத்தில் தன் விருப்பப்படி மணந்துகொண்ட ஹாதியா என்ற பெண்ணின் வழக்கில், அவருடைய அப்பா போட்ட ஆட்கொணர்வு மனுவில் உயர் நீதிமன்றம் 2017இல் திருமணத்தையே ரத்து செய்தது, 2018 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் அந்தத் தீர்ப்பை நீக்கியது. மேஜரான பெண்ணின் விருப்பத்துக்கு மேல் அப்பாவும் இல்லை, கோர்ட்டும் இல்லை. பெற்றோர் எதிரில் பேசப் பயப்படுவார் என்று தோன்றினால், நீதிபதிகள் தங்கள் அறையில் தனியாக விசாரிக்கும்படி வக்கீல் கேட்கலாம்.

பனியன் ஊர்:
அண்ணா, நடுவில் கேட்கிறேன். என் வீட்டுக்காரர் வேலைக்குப் போனவர் எட்டு மாதமாக வரவில்லை. மேன் மிஸ்ஸிங் எஃப்.ஐ.ஆர். இருக்கிறது. நானும் இதைப் போடலாமா?

கருப்புக்கோட்டு:
யாராவது பிடித்துவைத்திருப்பதாகச் சந்தேகம் உண்டாம்மா? கடன்காரர், வேலை கொடுத்தவர், யாராக இருந்தாலும் காரணத்தோடு எழுதுங்கள், போடலாம். அப்படி எதுவும் இல்லாமல் வெறுமனே காணவில்லை என்றால் பெரும்பாலும் நிற்காது, போலீஸ் தேடட்டும் என்று முடித்துவிடுவார்கள். விசாரணையை வேகப்படுத்த உத்தரவு கேட்டுத் தனி மனு போடுவது நல்லது. பெண்களுக்கு வருமானம் பார்க்காமல் சட்டப்பணிகள் ஆணைக்குழுவில் இலவச வக்கீல் உண்டு. அதிலிருந்து தொடங்குங்கள்.

தெற்கத்திக்காரன்:
நன்றி சார். எஸ்.பி.க்குத் தபால் நாளைக்கே போகிறது. ஒரு சிக்கல், அவளுடைய மார்க் ஷீட் எல்லாம் அந்த வீட்டில்தான் இருக்கின்றன, வயதுக்கு என்ன காட்டுவது?

கருப்புக்கோட்டு:
திருமணத்தைப் பதிவு செய்யும்போது வயதுச் சான்று கொடுத்திருப்பீர்களே. அந்த அலுவலகத்தில் நகல் கேட்டு விண்ணப்பியுங்கள்.